ஜெஸ்ஸி எடுத்த ஃபோன்

2020 மே மாதம். ஊரடங்கால் தியேட்டர்கள் பூட்டிக் கிடந்த நேரத்தில், கௌதம் வாசுதேவ் மேனனின் 'கார்த்திக் டயல் செய்த எண்' யூடியூபில் வந்தது. சுமார் 12 நிமிடக் குறும்படம். சிம்புவும் த்ரிஷாவும் அவரவர் வீட்டில் இருந்தபடியே நடிக்க, ஐஃபோனில் எடுத்தது. இசை ஏ.ஆர்.ரஹ்மான். மேனனின் 'விண்ணைத்தாண்டி வருவாயா' வெளியாகிப் பத்து வருடம் கழித்து, அந்தப் படத்தின் கார்த்திக் தன் பழைய காதலி ஜெஸ்ஸியை ஃபோனில் கூப்பிடுகிறான். கதை அவ்வளவுதான்.

ஆனால் இந்த ஃபோனுக்குப் பின்னால் இன்னொரு ஃபோன் இருக்கிறது. பழைய படத்தில், வீட்டில் கல்யாணப் பேச்சு நெருக்க, உடனே கிளம்பி வந்துவிடுகிறேன் என்பாள் ஜெஸ்ஸி. கோவாவில் படப்பிடிப்பில் இருக்கும் கார்த்திக், கொஞ்சம் பொறுத்திரு என்பான். கெட்ட எண்ணம் துளியும் இல்லை. எடுத்த வேலை முடியட்டும் என்று நினைத்தான். அதற்குள் அவள் முடிவெடுத்துவிட்டாள். துரோகம் செய்திருந்தால்கூட வருந்திவிட்டு நகர்ந்திருப்பான். நல்லபிள்ளையாக நடந்துகொண்டு இழந்தது எப்படி ஆறும்?

மேனன் இந்தக் காதலுக்கு மறுவாய்ப்பே தராதவர் அல்ல. தமிழ்ப் படம் வெளியான அதே நாளில், 2010 பிப்ரவரி 26 அன்று, வந்த அதன் தெலுங்கு வடிவம் 'ஏ மாய சேசாவே'யில் நாக சைதன்யாவும் சமந்தாவும் சேர்ந்துவிடுவார்கள். தமிழில் கார்த்திக் தன் கதையையே படமாக எடுப்பான். அதிலும் காதலர்கள் சேர்வார்கள், அந்தப் படத்துக்குள் ஜெஸ்ஸியாக வருவதும் சமந்தாதான். த்ரிஷாவின் ஜெஸ்ஸிக்கு மட்டும் வேறு ஒருவரோடு கல்யாணம்.

குறும்படத்தில் கார்த்திக் எழுத முடியாமல் தவிக்கும் இயக்குநர். இன்னமும் நீதான் வேண்டும் என்று உடைகிறான். அவளோ, அவன் தனக்கு மூன்றாவது குழந்தை மாதிரி என்கிறாள். அந்த வசனத்தை வைத்து அப்போது மீம்ஸ் பறந்தன. எனக்கு அதுதான் படத்தின் நேர்மையான இடம். கணவர், குழந்தைகள் என்று வாழ்கிறவள். பழைய காதலனை அறுத்துவிடவும் மனமில்லை, ஆசை காட்டவும் மனமில்லை. அவனை எந்த உறவில் வைப்பது என்று தேடியவளுக்கு அகப்பட்டது அது ஒன்றுதான். த்ரிஷாவின் குரலில் அத்தனை பரிவு இருக்கிறது.

பிறகு அவனை எழுதச் சொல்கிறாள். அவனும் எழுத உட்காருகிறான். எந்த வேலைக்காக அவளைக் காத்திருக்கச் சொன்னானோ, அந்த வேலையை அவளே மீட்டுத் தருகிறாள். தெலுங்கில் நடந்த கல்யாணத்தைவிட இந்த முடிவை என்னால் நம்ப முடிகிறது.