எமக்கே தருக!

ஒரு தொடரின் பொருள் முழுவதும் சிலவேளை ஓரெழுத்தில் தங்கிவிடுகின்றது. முன்பின் அறியாத வெளியீட்டார் சிலர் அண்மையில் எனக்கு விடுத்த வேண்டுகோள் அத்தகையது. வன்னி நாட்டார் பாடல்களைத் திரட்டி "எமக்கே தருக" என்பது அதன் சாரம். கேட்போர் யாவர், எதன்பொருட்டு, எத்துணைக் காலத்துக்கு என்பன அதில் இல.

இந்த ஏகாரத்தை எவ்வாறு கொள்வது? தொல்காப்பியர் ஏகாரத்துக்கு ஐந்து பொருள் வகுத்தார். நன்னூலார் இசைநிறையையும் கூட்டி ஆறாக்கினார். வினாவும் எண்ணும் ஈண்டுப் பொருந்தா. இறுதியில் நில்லாமையின் ஈற்றசை அன்று. உரைநடையாதலின் இசைநிறையும் அன்று. எஞ்சுவன இரண்டு. தேற்றமாயின், "தவறாது எமக்குத் தருக" என்றாகும். பிரிநிலையாயின், "எமக்கன்றிப் பிறர்க்குத் தரற்க" என்றாகும். முன்னையது ஆர்வம், பின்னையது உடைமை.

உடைமையெனின், எதன் உடைமை? யான் எழுதும் விளக்கவுரை என்னுடையது. அதனை ஒருவர்க்கே உரித்தாக்குதல் என் விருப்பம். இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், ஆக்கியோன் வாழ்நாளுக்கும் அதன்மேல் 70 ஆண்டுக்கும் அவ்வுரிமையைக் காக்கின்றது. பாடல்களின் நிலை வேறு. குருவிச் சிந்தும் பன்றிப் பள்ளும் வேலப்பணிக்கன் ஒப்பாரியும் ஒருவர் சொத்தல்ல. தலைமுறை தலைமுறையாகப் பாடிய வாய்கள் பல. அச்சட்டமும் நாட்டார் ஆக்கங்களைத் தனியே வைத்து எண்ணுகின்றது. ஊர்ப்பொதுவை ஒருவர் கையொப்பமிட்டுக் கொடுத்தல், பிறர் பசுவைத் தானஞ் செய்தல் போலாம்.

அதற்காக வாளா மறுத்தலும் தக்கதன்று. 2009இல் முடிவுற்ற போரில் ஊரோடு பெயர்ந்தோர் விட்டுவந்த குறிப்பேடுகள் பல மீளவில்லை. பாடவல்லாரும் முதியோராயினர். அறியாதார் கேட்டனர் என்று கதவடைப்பின் இழப்பு நமதே. 1880இல் கும்பகோணத்தில் சேலம் இராமசுவாமி முதலியார், புதிதாய் அறிமுகமான சாமிநாதையரிடம் சிந்தாமணிக் கையெழுத்துப் பிரதியை அளித்தார். அக்கொடை ஒருவர் பெட்டகத்துள் அடங்கவில்லை. 1887இல் அச்சேறித் தமிழுலகுக்கே உரியதாயிற்று.

ஆதலின் யான் விடையாக நான்கு வினாக்களை விடுத்தேன். வேண்டுவது முதல் வெளியீடா, முழு உரிமையா? அது எத்தனை ஆண்டுக்கு? பாடித் தந்தார் பெயரும் ஊரும் பொறிக்கப்படுமா? எம்மூர் மாணவர் அவற்றைப் பாடவும் பள்ளி மலரில் அச்சிடவும் தடையுண்டா? இவற்றுக்கு எழுத்திலே மறுமொழி வேண்டும். அது வரும்வரை திரட்டும் பணி நில்லாது.

"முதற்கண் எமக்குத் தருக" என்பாராயின் மகிழ்ந்து தரலாம். "எமக்கே" என்று பிரிப்பாராயின், அந்த ஏகாரத்தை நீக்கிவிட்டு வருக என்பதே ஆசிரியர்களும் மாணவர்களும் கூறத்தக்க விடையாம்.