கவுண்டர் ஹால் ரோட்டுப் பையன்

பினாங்கு டத்தோ கிராமாட்டில் இன்று ஜாலான் பி. ரம்லி என்று பலகை நிற்கும் தெருவுக்கு வெள்ளைக்காரன் காலத்தில் கவுண்டர் ஹால் ரோடு என்று பெயர். பக்கத்திலேயே ஈயம் உருக்கும் ஆலை இருந்தது. அந்த மண்ணில் இப்போது பினாங்கு டைம்ஸ் ஸ்குவேர் எழுந்து நிற்கிறது. ஆனால் ஆச்சேயிலிருந்து வந்த கப்பல்காரர் ஒருவர் 1926இல் கட்டிய மர வீடு மட்டும் இடம் மாறாமல் இருக்கிறது. தேசிய ஆவணக் காப்பகம் அதைப் புதுப்பித்து நினைவில்லமாக வைத்திருக்கிறது. 1929 மார்ச் 22 அன்று பிறந்த அந்தக் கப்பல்காரரின் மகன் தெக்கு ஸக்காரியாதான் பின்னாளில் மலாய்த் திரையின் பாடகர், நடிகர், இயக்குநர் பி. ரம்லி ஆனார். அப்பா பெயரான பூத்தேயின் முதலெழுத்துதான் அந்த 'பி'. தமிழன் இனிஷியல் போட்டுக்கொள்கிற மாதிரிதான்.

ஜப்பான்காரன் காலத்தில் பள்ளிப் படிப்பு குலைந்தது. பாட்டு குலையவில்லை. 1947இல் பினாங்கு வானொலியின் பாட்டுப் போட்டியில் முதல் பரிசு. மறுவருடம் புக்கிட் மெர்தாஜாம் விழாவொன்றில் இவர் பாடியதைக் கேட்ட இயக்குநர் பி. எஸ். ராஜ்ஹன்ஸ், சிங்கப்பூரில் ஷா சகோதரர்களின் ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவுக்கு அழைத்துக்கொண்டார்.

நம்மவர்கள் அதிகம் பேசாத சங்கதி ஒன்று இங்கே இருக்கிறது. அன்றைய மலாய்ப் படங்களை இயக்கியவர்களில் பெரும்பாலோர் இந்தியாவிலிருந்து வரவழைக்கப்பட்டவர்கள். பாட்டு, கண்ணீர், பிரிந்த குடும்பம் சேர்வது என்று நம்மூர்ப் படத்தின் அச்சிலேயே மலாய்ப் படமும் வார்க்கப்பட்டது. முகத்தில் பருத் தழும்பு இருந்ததால் ரம்லியை முதலில் வில்லனாகவும் பின்னணிப் பாடகராகவும்தான் வைத்திருந்தார்கள். 1950இல் 'பக்தி' படத்தில் அவரைக் கதாநாயகனாக்கி, சொந்தக் குரலிலேயே பாடவும் விட்டவர் எல். கிருஷ்ணன். சென்னையில் பிறந்து, சிறு வயதிலேயே பினாங்குக்கு வந்து வளர்ந்தவர். அந்தத் துணிச்சலுக்கு மலாய் சினிமா அவருக்குக் கடன்பட்டிருக்கிறது என்பேன்.

அதன்பின் ரம்லியை யாரும் பிடிக்க முடியவில்லை. 1955இல் 'பெனாரெக் பெச்சா'. ரிக்‌ஷாக்காரன் கதை, முதன்முதலாக அவரே இயக்கியது. 1956இல் 'ஹங் துவா'வின் இசைக்கும், 1957இல் 'அனாக்கு சஸாலி'யில் நடித்ததற்கும் ஆசியத் திரைப்பட விழாக்களில் பரிசு. 'அனாக்கு சஸாலி'யில் அப்பன், மகன் இரண்டு வேடமும் அவரே. கஸல், ஜோகெட், சா-சா எதைத் தொட்டாலும் மலாய் மண் வாசம் போகாது. 'பெனாரெக் பெச்சா' படத்தில் பார்க்கும் சிங்கப்பூர் ரிக்‌ஷாவில் பயணி பக்கவாட்டில் உட்காருகிறார். பினாங்கில் பயணிக்கு முன்னிருக்கை. ஓட்டுபவர் பின்னாலிருந்து மிதிக்கிறார். அன்று சந்தைக்கும் பள்ளிக்கும் போன வண்டி, இன்று பிளாஸ்டிக் பூ சுற்றிச் சுற்றுலாக்காரர்களைத்தான் ஏற்றுகிறது.

1964இல் கோலாலம்பூர் மெர்டேக்கா ஸ்டூடியோவுக்கு மாறியதுதான் சறுக்கல். கருவிகள் போதாது, ஆட்கள் போதாது. இந்தோனேசியாவுடன் மோதல் நடந்துகொண்டிருந்ததால் அந்தப் பெரிய சந்தையும் அடைபட்டுவிட்டது. வெளிநாட்டுப் படங்கள் கலரில் வந்தன. இவருடையது கறுப்பு வெள்ளை. இளசுகள் கிதார் கோஷ்டிகளின் பின்னால் போனார்கள். 1963 கடைசியில் வந்த டெலிவிஷன், இருந்த கூட்டத்தையும் வீட்டுக்குள் உட்காரவைத்தது. 1972இல் வந்த 'லக்ஸமனா டோ ரே மி'தான் கடைசிப் படம். 1973 மே 29இல் மாரடைப்பு. வயது 44. கையில் காசில்லை, வேலையும் இல்லை.

போன பிறகு எல்லாம் வந்தது. கோலாலம்பூர் பாரி ரோடு 1982இல் அவர் பெயருக்கு மாறியது. இன்று அங்கே உயர்ந்த கட்டடங்களும் இரவு விடுதிகளும்தான். 1986இல் ஸெத்தாப்பாக்கில் அவர் வாழ்ந்த வீடு நினைவில்லமானது. 1990இல் டான் ஸ்ரீ விருது. விருதுக்குச் செலவாகாது, படம் எடுக்கத்தான் செலவாகும் என்று யாராவது கசப்பாகச் சொன்னால் என்னால் மறுக்க முடியாது.

கலர்ப் படம் எடுக்க அவருக்குக் கடைசிவரை வாய்க்கவில்லை. அந்தக் கறுப்பு வெள்ளைப் படங்களைத்தான் டிவிக்காரர்கள் இன்றும் திரும்பத் திரும்பப் போடுகிறார்கள்.