ஏரியும் ஒரு விமான நிலையம்: 'வோட்டர் ஏரோட்ரோம்' என்ற சொல்லைப் பற்றி

விமானிகள் பாவிக்கும் ஒன்ராறியோ வரைபடம் ஒன்றை விரித்துப் பார்த்தால் ஏரிகளின் ஓரத்தில் ஆங்காங்கே சின்ன நங்கூரக் குறி ஒன்று தெரியும். கப்பலோட்டிகளின் வரைபடத்தில் நங்கூரம் இருந்தால் அதில் புதினமில்லை. வானத்தில் பறப்பவர்களின் வரைபடத்தில் நங்கூரத்துக்கு என்ன வேலை என்று கேட்கத் தோன்றும். அந்த இடத்தில் விமானம் தண்ணீரில் வந்து இறங்கும், தண்ணீரிலிருந்தே கிளம்பும் என்பதே அதன் பொருள். கனடிய அரச ஏடுகளில் இப்படிப்பட்ட இடத்துக்குப் பெயர் 'வோட்டர் ஏரோட்ரோம்'.

ஒஷாவாவிலும் விற்பியிலும் ஏஜக்ஸிலும் குடியிருக்கும் எம்மவர் பலருக்குக் கோடை என்றால் ஏரிதான். தூண்டிலும் கூல் பொக்ஸுமாகப் போர்ட் பெரியில் ஸ்கூகொக் ஏரிக்கரைக்குப் போகிறோம்; இன்னும் வடக்கே கவார்த்தா ஏரிகளில் கொட்டேஜ் எடுத்து நாலைந்து குடும்பமாகத் தங்குகிறோம்; படகு வாடகைக்கு எடுத்துப் பிள்ளைகளை ஏற்றுகிறோம். அதனால் இந்தச் சொல்லை விமானிகளிடம் மட்டும் விட்டுவிட முடியாது. நாம் படகு ஓட்டும் தண்ணீரின் மேல் எழுதப்பட்டிருக்கும் சொல் இது.

ஒஷாவாவின் விமான நிலையத்தை எல்லோருக்கும் தெரியும். இரண்டாம் உலகப் போரில் பொதுநலவாய நாடுகளின் விமானிகளைப் பயிற்றுவிக்க 1941இல் திறக்கப்பட்டது. ஓடுபாதை உண்டு, வேலி உண்டு, கட்டுப்பாட்டுக் கோபுரம் உண்டு. தெரியாத்தனமாக யாரும் ஓடுபாதைக்குள் காரைக் கொண்டுபோய் விடமாட்டார்கள். நீரில் உள்ள நிலையத்துக்கு இவை ஒன்றும் இருக்க வேண்டும் என்றில்லை. அநேகமான இடங்களில் கரையில் ஒரு மரத்துறையும், கட்டிவைக்கக் கயிறும், சில வேளை எரிபொருள் தாங்கியும் மட்டுமே இருக்கும். மற்றதெல்லாம் வெறும் தண்ணீர்.

இது எப்படி 'நிலையம்' ஆகும்? விடை சட்டத்தில் இருக்கிறது. விமானங்கள் வந்து சேரவும், புறப்படவும், நகரவும், பராமரிக்கப்படவும் பயன்படுகின்ற, அல்லது அதற்கென ஒதுக்கப்பட்ட எந்தப் பரப்பும் 'ஏரோட்ரோம்' என்கிறது கனடாவின் விமானப் போக்குவரத்துச் சட்டம். அது நிலமாக இருக்கலாம், நீராக இருக்கலாம். உறைந்த நீரின் மேற்பரப்பும் இதில் அடங்கும் என்று சட்டம் தனியே சொல்கிறது. இந்த நாட்டின் குளிரை அறிந்தவர்கள் எழுதிய சட்டம் என்பது இந்த ஓர் இடத்திலேயே தெரிகிறது.

'எயர்போர்ட்' என்பது வேறு. அரசின் அத்தாட்சிப் பத்திரம் பெற்ற ஏரோட்ரோம் மட்டுமே கனடாவில் சட்டப்படி எயர்போர்ட். வீடுகள் நெருங்கிய பகுதிக்குள் இருந்தாலோ, கால அட்டவணைப்படி பயணிகள் சேவை நடந்தாலோ அந்தப் பத்திரம் தேவைப்படும். நீரிலும் இதே பிரிவுதான். பிரிட்டிஷ் கொலம்பியாவில் விக்ரோறியா துறைமுகம் அத்தாட்சி பெற்ற 'வோட்டர் எயர்போர்ட்'; நகரத்தின் நடுவே கப்பல், படகு, விமானம் எல்லாம் ஒரே தண்ணீரைப் பங்குபோட்டுக் கொள்கின்றன. ரொறன்ரோவிலும் தீவு விமான நிலையத்தை ஒட்டி ஒரு வோட்டர் ஏரோட்ரோம் இருக்கிறது. பெரிக்காகப் பலமுறை காத்து நின்ற எம்மில் எத்தனை பேர் அதைக் கவனித்தோம்? இப்படியான இடங்களின் விபரங்களைத் தொகுத்து 'நவ் கனடா' நிறுவனம் ஒரு தனி ஏடாகவே வெளியிட்டு வருகிறது.

ஒரே பொருளுக்கு நாட்டுக்கு நாடு பெயர் மாறுகிறது. அமெரிக்கர் இதனை 'சீபிளேன் பேஸ்' என்பர். பிரித்தானிய வழக்கில் விமானம் நீரைத் தொடும் பரப்பை 'அலைட்டிங் ஏரியா' என்பர். பறவை வந்து அமர்வதற்கும் ஆங்கிலத்தில் அதே வினைதான். 'சீட்ரோம்' என்றும் ஒரு சொல் உண்டு. அது சில இடங்களில் விளக்கு வைத்த நீர் ஓடுபாதையைக் குறிக்கும். 1920களில் எட்வேட் ஆம்ஸ்ரோங் என்ற கனடிய அமெரிக்கப் பொறியியலாளர் அத்திலாந்திக் கடலின் நடுவே மிதக்கும் மேடைகளை நிறுத்தி, விமானங்கள் தங்கித் தங்கிப் போக வழி செய்யலாம் என்று திட்டம் போட்டார். அந்த மேடைகளுக்கும் 'சீட்ரோம்' என்றே பெயர் வைத்தார். விமானங்கள் நெடுந்தூரம் பறக்கத் தொடங்கியதும் மேடைகளின் தேவை போய்விட்டது. சொல் அகராதியில் மிஞ்சியது. இந்தியாவும் கனடாவைப் போல 'வோட்டர் ஏரோட்ரோம்' என்றே எழுதுகிறது. 2020 ஒக்டோபர் 31இல் அகமதாபாத்தின் சபர்மதி ஆற்றிலிருந்து கேவடியாவுக்குச் சேவை தொடங்கியபோது இந்தச் சொல் அங்குள்ள பத்திரிகைகளில் அடிபட்டது. சேவை அடுத்த ஆண்டே நின்றுபோனது. அதற்கு மாலைதீவிலிருந்து தருவிக்கப்பட்ட விமானம் 'ருவின் ஒட்டர்' வகை. அந்த வகை விமானம் பிறந்த ஊர் வேறெங்குமில்லை, எங்கள் ரொறன்ரோவின் டவுன்ஸ்வியூ. முதலில் பறந்தது 1965இல்.

'ஏரோட்ரோம்' என்ற சொல்லுக்கும் ஒரு வேடிக்கையான வரலாறு உண்டு. கிரேக்க மொழியில் காற்றும் ஓட்டமும் சேர்ந்த சொல் அது. அமெரிக்க அறிஞர் சாமுவேல் லாங்லி அதனைத் தாம் செய்த பறக்கும் இயந்திரத்துக்கே பெயராக வைத்தார். 1903இல் ஆற்றில் நின்ற படகுவீடு ஒன்றின் கூரையிலிருந்து அதை இரு தடவை ஏவினார்கள். இரு தடவையும் அது பொற்றோமக் ஆற்றில் விழுந்தது. ஆக, அந்த 'ஏரோட்ரோம்' தண்ணீரில் இறங்கியது யாரும் விரும்பாமலேதான்.

கனடாவோ ஆரம்பத்தில் இன்னும் அழகான சொல்லை வைத்திருந்தது. 1920இல் வந்த விமான விதிகளில் நிலத்தில் இருந்தாலும் நீரில் இருந்தாலும் விமானம் இறங்கும் இடத்துக்குப் பெயர் 'எயர் ஹாபர்', அதாவது வான் துறைமுகம். கடலே இல்லாத புல்வெளி நகரான ரெஜைனாதான் முதல் உரிமம் பெற்ற 'வான் துறைமுகம்'.

தமிழில் இதற்கு நாம் என்ன சொல்வது? 'நீர் விமானத் தளம்' என்று எழுதலாம்; பிழையில்லை. ஆனால் 'தளம்' என்றால் எம் காதில் முதலில் விழுவது படைத்தளமும் கடற்படைத் தளமும்தான். போர்க்காலச் செய்திகளைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அந்தச் சொல்லோடு வேறு நினைவுகளும் வரும். 'நீர் விமான நிலையம்' என்றால் கட்டடமும் சுங்கப் பரிசோதனையும் கண்முன் நிற்கின்றன. ஏரிக்கரை மரத்துறைக்கு அது அளவு மீறிய சட்டை. எமக்கு இதைவிடப் பொருத்தமாகத் தோன்றுவது ஊரிலேயே இருக்கிறது. குறிகட்டுவானில் நயினாதீவுக்கு வள்ளம் ஏறும் இடத்தை நாம் என்ன சொன்னோம்? இறங்குதுறை. பருத்தித்துறை, வல்வெட்டித்துறை, காங்கேசன்துறை என்று ஊர்ப் பெயர்களிலேயே துறையை வைத்திருக்கும் மக்கள் நாம். துறை என்பதற்குப் பெரிய கட்டடம் வேண்டாம்; நீரும் கரையும் சந்திக்கின்ற, ஏறவும் இறங்கவும் ஏற்ற இடமாக இருந்தால் போதும். 'விமான இறங்குதுறை' என்றால் எங்கள் அப்பாச்சிமாருக்கும் விளங்கும். தமிழ் வகுப்பு நடத்தும் ஆசிரியர்களும் மொழிபெயர்ப்பாளர்களும் இதைவிட நல்ல சொல் இருந்தால் எழுதி அனுப்பட்டும், ஆசையோடு வரவேற்போம்.

நாம் பிறந்த தீவுக்கும் இது புதிய விடயமல்ல. காலிக்கு அப்பால் கொக்கல என்ற வாவி பலருக்கு உல்லாசப் பயண இடமாகவே தெரியும். 1942இல் அது பிரித்தானிய விமானப் படையின் விமான இறங்குதுறை. 'கற்றலீனா' என்னும் பறக்கும் படகுகள் அங்கே நின்றன. மிதவைக் கால் பூட்டிய சிறு விமானங்களைப் போலன்றி, பறக்கும் படகுக்கு அடிவயிறே படகு. அவ்வாண்டு ஏப்ரல் தொடக்கத்தில் ஸ்கொட்லாந்தின் வட கோடியிலிருந்து கனடிய விமானப் படையின் 413ஆவது அணி அங்கு வந்து சேரத் தொடங்கியிருந்தது. ஒன்ராறியோவின் சென் கத்தரின்ஸில் பிறந்த லெனாட் பேர்ச்சோல் ஏப்ரல் 4ஆம் திகதி விடியற்காலை கொக்கல நீரிலிருந்து கிளம்பினார். மாலையளவில், தீவுக்குத் தெற்கே பல நூறு மைல் தொலைவில், நகுமோவின் யப்பானியக் கடற்படை வந்துகொண்டிருப்பதைக் கண்டார். வானொலியில் செய்தி அனுப்பிக்கொண்டிருக்கும்போதே அவரது விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. விமானத்தில் இருந்த 9 பேரில் 6 பேர் உயிர் தப்பிக் கைதிகளானார்கள். மறுநாள் உயிர்த்த ஞாயிறு. கொழும்பு தாக்கப்பட்டது, ஆனால் தாக்குதல் வரும் என்பது முன்கூட்டியே தெரிந்திருந்தது. யுத்தம் முடியும்வரை சிறையிருந்த பேர்ச்சோல், 2004இல் ஒன்ராறியோவின் கிங்ஸ்ரனில் காலமானார். 'இலங்கையைக் காத்தவர்' என்ற பெயர் அவரோடு நிலைத்துவிட்டது.

அதே வாவியிலிருந்து 1943 முதல் 1945 வரை அவுஸ்திரேலியாவின் பேர்த் நகருக்குக் குவான்ரஸ் நிறுவனத்தின் கற்றலீனாக்கள் பறந்தன. எங்கும் தங்காமல் சுமார் 30 மணித்தியாலம். பறப்பில் இருப்பவர் சூரியன் உதிப்பதை இரு தடவை காண்பார் என்பதால் 'இரட்டைச் சூரிய உதயம்' என்று அப்பயணத்துக்குப் பெயர். இந்தக் கதையின் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். கொக்கலயில் படைமுகாம் அமைக்கக் கிராமத்து மக்கள் எழுப்பப்பட்டார்கள், வீடுகள் போயின. சிங்கள எழுத்தாளர் மார்ட்டின் விக்கிரமசிங்கவின் பிறந்த வீடு மட்டும் தப்பி, இன்று நாட்டார் கலை நூதனசாலையின் நடுவே நிற்கிறது. ஒரு வரைபடக் குறிக்காக ஊர் பெயர்வது என்றால் என்ன என்று எம் வாசகர்களுக்கு விளக்கத் தேவையில்லை. தமிழ்நாட்டிலும் சென்னைக்குப் பக்கத்தில் செங்குன்றம் ஏரியில் அந்தப் போர்க்காலத்தில் பறக்கும் படகுகள் நின்றன.

இனி இன்றைய விடயத்துக்கு வருவோம். 2024 யூன் 8ஆம் திகதி வன்கூவர் துறைமுகத்தில், கிளம்பிக்கொண்டிருந்த 'பீவர்' நீர்விமானம் ஒன்று ஓர் உல்லாசப் படகோடு மோதியது. படகில் இருந்தவர்கள் காயமடைந்து வைத்தியசாலைக்குக் கொண்டு செல்லப்பட்டனர். வன்கூவர் துறைமுகத்தில் கட்டுப்பாட்டுக் கோபுரம் உண்டு. நகரத்து மாடிக் கட்டடம் ஒன்றின் உச்சியில் அது இருக்கிறது. அங்கேயே இப்படி நடந்தது என்றால், கோபுரமும் இல்லாத ஏரிகளில் கண்ணும் கவனமும்தான் காவல்.

நீரில் நிற்கும்போது விமானமும் ஒரு கலமாகவே கணிக்கப்படும். பொதுவாக அதுதான் மற்றப் படகுகளை விட்டு விலகிப் போக வேண்டும் என்பது கடல் விதி. விதியை நம்பி மட்டும் இருக்கக் கூடாது. மிதவைக் காலுக்குப் பிரேக் கிடையாது. கிளம்பத் தொடங்கும்போது விமானத்தின் மூக்கு மேலே தூக்கிக்கொள்ளும். அந்த வேளையில் விமானிக்கு நேர் முன்னே உள்ளது தெரியாது. சின்னப் படகும், நீந்துபவரின் தலையும் சொல்லவே வேண்டாம். ஆகவே ஏரியில் இயந்திர இரைச்சல் கேட்டால் முதலில் காற்று எந்தப் பக்கம் என்று பாருங்கள். விமானம் பெரும்பாலும் காற்றை எதிர்த்தே கிளம்பும், காற்றை எதிர்த்தே இறங்கும். அதன் முன்னால் குறுக்கே ஓடித் தப்பப் பார்க்காதீர்கள். ஒரு பக்கமாக விலகி, திசையை மாற்றி மாற்றிக் குழப்பாமல் நில்லுங்கள். கொட்டேஜ் எடுக்கும்போது, இந்த ஏரியில் விமானம் இறங்குவதுண்டா, எந்தப் பக்கம் என்று சொந்தக்காரரைக் கேளுங்கள். கரையில் மிதவை விமானம் ஒன்று கட்டி நின்றால் பிள்ளைகளை அதன் கிட்டே விடவேண்டாம். சுழலும் விசிறி கண்ணுக்குத் தெரியாது.

வன்கூவர், விக்ரோறியா பக்கம் உறவினரிடம் போய் நீர்விமானத்தில் ஏறுவோருக்கும் ஒரு வார்த்தை. 2019இல் வெளியான விதிகளின்படி, இப்படியான சிறிய சேவை விமானங்களில் பயணிகள் மிதவை அங்கியை உடலில் அணிந்தே இருக்க வேண்டும். அணிவதோடு சரி. காற்றை ஊதுவது விமானத்தை விட்டு வெளியே வந்த பிறகுதான். உள்ளேயே ஊதிவிட்டால் தண்ணீர் புகும்போது அங்கி உங்களைக் கூரையோடு அமுக்கிவிடும், கதவுக்குப் போக விடாது. ஆங்கிலம் விளங்காத பெரியவர்களைக் கூட்டிச் செல்வோர், விமானி சொல்லும் இந்த விளக்கத்தைக் கிளம்பும் முன்பே தமிழில் சொல்லிவிடுங்கள்.

குளிர்காலத்தில் ஏரி உறைந்ததும் பனிக்கட்டியில் துளையிட்டு மீன் பிடிக்கும் பழக்கம் எம்மவரிடமும் வந்துவிட்டது. சக்கரத்துக்குப் பதில் பனிச்சறுக்குக் கட்டைகள் பூட்டிய விமானங்கள் அந்தப் பனிக்கட்டியில் இறங்கும். சட்டம் அதையும் ஏரோட்ரோம் என்றே சொல்கிறது. குடிலைப் போடும் முன் பனியில் நீளமான சறுக்குத் தடம் ஏதும் இருக்கிறதா என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.