எல்லையோரக் கதைக்காரர்கள்: ஒழிமுறி எழுதியவர்

சென்ற வாரம் நெய்யாற்றின்கரை கிருஷ்ணன் கோயிலின் அம்மச்சிப்பிலாவோடு நிறுத்தியிருந்தேன். பகைவர் துரத்திய இளவரசர் மார்த்தாண்ட வர்மாவைத் தன் பொந்துக்குள் ஒளித்துக் காப்பாற்றியதாகச் சொல்லப்படும் பலாமரம் அது. அந்த இளவரசரை வைத்து சி. வி. ராமன் பிள்ளை எழுதிய நாவல் 1891இல் வந்தது. 1933இல் அதைப் படமாக எடுத்தவர் நாகர்கோவில் சுந்தர்ராஜ். நாவலின் உரிமை பதிப்பகத்திடம் இருந்தது, வழக்கு வந்தது, படச்சுருள் பறிமுதலானது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பு, சொத்தை விற்று 'விகதகுமாரன்' எடுத்தவர் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்த ஜே. சி. டேனியல். கதை, இயக்கம், நடிப்பு மூன்றும் அவரே. ஆக, மலையாள சினிமாவின் முதல் இரண்டு படங்களும் இன்றைய குமரி மாவட்டத்து மனிதர்களின் கைகளிலிருந்து வந்தவை.

1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் அன்றைய சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. நேசமணியின் தலைமையில் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே நின்றுவிட்டது. இஞ்சிவிளை அந்தப் பக்கம், களியக்காவிளை இந்தப் பக்கம். சொந்தபந்தம், கடன், கல்யாணம் எல்லாம் எல்லைக்கோட்டைத் தாண்டித்தான் நடந்தன, இன்றும் நடக்கின்றன. பாறசாலைச் சந்தையில் "எந்தரு மக்களே?" என்று கேட்கும் மீன்காரம்மாவிடம், களியக்காவிளையிலிருந்து வந்தவர் தமிழிலேயே விலை கேட்டுப் பேரம் பேசி வாங்கிப் போவார். இருவருக்கும் மொழிபெயர்ப்பாளர் தேவைப்படுவதில்லை.

இந்தப் பேச்சைத் திரையில் யார் மதித்தார்கள்? 2005இல் மம்மூட்டி நடித்த 'ராஜமாணிக்கம்' திருவனந்தபுரத்துத் தெற்குப் பேச்சைக் கேரளம் முழுக்கக் கொண்டுபோனது. ஜனங்கள் சிரித்துக் கொண்டாடினார்கள். நானும் ரசித்த படம்தான். ஆனால் அந்தப் பேச்சில் ஒருவர் அழுதால் எப்படி இருக்கும், கோர்ட்டில் நின்று நியாயம் கேட்டால் எப்படி இருக்கும் என்பதற்கு மலையாளத் திரை இன்னும் ஏழு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. அதை எழுதிக் கொடுத்தவர் இந்த வார நாயகர் ஜெயமோகன்.

1962இல் பிறந்தவர். அருமனை வட்டாரத்துக்காரர், எல்லைக்கோடு கூப்பிடு தூரம். தந்தை பாகுலேயன் பிள்ளை, தாய் விசாலாட்சி அம்மா. இருவரும் அடுத்தடுத்துத் தற்கொலை செய்துகொண்டதை ஜெயமோகனே பல இடங்களில் எழுதியிருக்கிறார். தொலைபேசித் துறையில் வேலை பார்த்துக்கொண்டே நாவல்கள் எழுதினார். 2005இல் அவரைச் சினிமாவுக்குக் கூட்டிவந்தவர் மலையாளத்தின் பெரும் திரைக்கதையாசிரியரான லோகிததாஸ். படம் 'கஸ்தூரிமான்', ஜெயமோகன் வசனம் எழுதினார். 'நான் கடவுள்' அவருடைய 'ஏழாம் உலகம்' நாவலில் வேர்விட்டது. பிறகு 'அங்காடித் தெரு', 'கடல்', 'பாபநாசம்', '2.0', 'பொன்னியின் செல்வன்' என்று பட்டியல் நீள்கிறது. 2014 முதல் 2020 வரை மகாபாரதத்தை 'வெண்முரசு' என்று 26 நாவல்களாக எழுதிய அதே ஆண்டுகளில்தான் இவற்றில் சிலவும் நடந்தன. இவற்றைப் பற்றிப் பலர் எழுதியாகிவிட்டது. எனக்கு முக்கியம் 2012இல் மதுபால் இயக்கிய மலையாளப் படமான 'ஒழிமுறி'.

மலையாளத்தில் ஜெயமோகன் எழுதிய 'உறவிடங்கள்' என்ற நினைவுக்குறிப்புகளே அதன் மூலம். காலம் 1980கள், இடம் குமரி மாவட்டம். வாழ்நாள் முழுக்கத் தாணு பிள்ளையின் கோபத்துக்குப் பயந்து குடும்பம் நடத்திய மீனாட்சி அம்மா, முதிர்ந்த வயதில் ஒழிமுறி, அதாவது விவாகரத்து, கேட்டு வழக்குப் போடுகிறார். ஊர் திகைக்கிறது. மகன் சரத் நடுவில் நிற்கிறான். வழக்குக்காக வரும் இளம் பெண் வக்கீல் பாலா கேள்வி கேட்கக் கேட்க, அவன் குடும்பக் கதையைச் சொல்லத் தொடங்குகிறான்.

கட்டுரையில் எழுத்தாளர் தானே விளக்கிக்கொண்டு போகலாம். திரையில் அப்படி விளக்கினால் பிரசங்கமாகிவிடும். மருமக்கத்தாயம் என்ற தாய்வழிச் சொத்துரிமை முறை என்றால் என்ன, அந்த வீட்டில் புருஷனுக்கு என்ன இடம் என்பதெல்லாம் தெரியாத ஒரு பெண்ணை உள்ளே விட்டதும் பார்வையாளருக்கு வேண்டியதை அவளே கேட்டுவிடுகிறாள். சரத்தும் கேட்டவளுக்குப் பதில் சொல்லும் சாக்கில், அப்பாவை முதன்முறையாகப் புரிந்துகொள்ளப் பார்க்கிறான்.

தாணு பிள்ளையின் கோபம் எங்கிருந்து வந்தது? அவருடைய அம்மா காளிப் பிள்ளை, பழைய தாய்வழிக் குடும்பத்தின் அதிகாரம் முழுவதும் கையிலிருந்தவள். அந்தக் காலத்தில் கணவனின் பாயையோ வெற்றிலைச் செல்லத்தையோ வாசலில் எடுத்து வைத்துவிட்டால் உறவு முடிந்தது என்று அர்த்தம் என்பார்கள். 1925ஆம் ஆண்டு நாயர் சட்டம் சொத்தைப் பங்கிட்டு அந்த முறையை உடைக்கும்வரை வீடு பெண்ணுடையது. அம்மா அப்பாவை வெளியேற்றியதைப் பார்த்து வளர்ந்த பையன் பெரியவனாகித் தன் மனைவியை நிமிரவிடாமல் வைத்திருக்கிறான். வெளியேற்றப்பட்ட சிவன் பிள்ளையாகவும் அடக்கியாளும் தாணு பிள்ளையாகவும் லால் ஒருவரே நடித்தார். அப்பாவின் அவமானம் மகனின் முகத்திலேயே ஒட்டிக்கொண்டிருப்பதை வசனமில்லாமல் காட்டும் ஏற்பாடு அது.

எனக்குத் தோன்றும் ஒன்றைச் சொல்கிறேன். நிஜத்தில் ஜெயமோகனின் அம்மாவுக்கு வெளியேற வழி இருக்கவில்லை. படத்தில் மீனாட்சி அம்மா கோர்ட் படியேறுகிறார், யார் தடுத்தும் வழக்கைக் கைவிட மறுக்கிறார். சொந்தத் துக்கத்தை அப்படியே எழுதுவதும் பெரிய காரியம்தான். அம்மாவின் கையில் ஒரு மனுவைக் கொடுத்து நிமிர்ந்து நிற்கவைக்க அதைவிடப் பெரிய துணிச்சல் வேண்டும். அந்தத் துணிச்சலுக்காகவே இந்தத் திரைக்கதையை அவருடைய மற்ற எல்லாப் படங்களுக்கும் மேலே வைப்பேன்.

2012ஆம் ஆண்டுக்கான கேரள அரசு விருதுகளில் சிறந்த படம் 'செல்லுலாய்ட்', இரண்டாவது சிறந்த படம் 'ஒழிமுறி'. முதலாவது, ஜே. சி. டேனியலின் வாழ்க்கையைச் சொல்லும் படம். சொத்தெல்லாம் இழந்து 1975இல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்த டேனியலுக்கு உயிரோடிருந்தபோது கேரளம் எதுவும் செய்யவில்லை. தமிழ்நாட்டுக்காரர் என்று சொல்லி உதவித்தொகையும் மறுக்கப்பட்டது. அவர் பெயரில் விருது வந்தது 1992இல். எல்லைக்கோடு ஒருவரை எப்படி அநாதையாக்கும் என்பதை அந்த முதல் படமும், அதே கோட்டின் ஓரத்தில் வளர்ந்தவர் இரண்டு மொழியிலும் உரிமையோடு எழுத முடியும் என்பதை இரண்டாம் படமும் ஒரே பட்டியலில் நின்று காட்டின.

இன்னும் எழுதப்பட வேண்டியவை நிறைய. 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் தாய்த்தமிழகத்தோடு சேரக் கேட்டவர்கள்மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. ஆட்சியில் இருந்தவர் பட்டம் தாணு பிள்ளை. ராஜினாமா செய்யச் சொன்னவர் அவர் கட்சியைச் சேர்ந்த ராம் மனோகர் லோகியா. கோட்டின் இரண்டு பக்கத்து வீடுகளையும் அறிந்த ஒருவர் அதைத் திரைக்கதையாக்க வேண்டும். தமிழிலா மலையாளத்திலா என்று கேட்டால், பாறசாலையில் பேசுகிற மாதிரியே எழுதட்டும் என்பேன்.

அடுத்த வாரம் நேமத்துக்குப் போவோம். நாகர்கோவிலில் பிறந்த பி. சுப்பிரமணியம் 1951இல் அங்கே தொடங்கிய மெரிலாண்ட் ஸ்டூடியோவுக்கும், அங்கே கதை எழுதியவர்களிடமும்.

(தொடரும்)