காவல் நாய்களின் நகம் களைதல்

போடிநாயக்கனூரிலிருந்து போடிமெட்டுக்கு ஏறும் மலைச்சரிவுகளிலும் அடிவாரத்துத் தோப்புகளிலும் காவலுக்கு நாய் வளர்ப்போர் பலர். போடிக்குத் தெற்கே, இதே அடிவாரத்திலுள்ள கோம்பையின் பெயரால் வழங்கும் நாயினம் காவலுக்குப் பேர்போனது. நாயின் தீனியில் சிரத்தை கொள்வோரும் அதன் நகத்தைக் கவனிப்பதில்லை.

ஏலத்தோட்டத்துப் பாறைகளில் நாள்தோறும் ஓடித் திரியும் நாய்க்கு நகம் தானே தேய்ந்துவிடும், வெட்ட வேண்டுவதில்லை. சங்கிலியில் கட்டுண்டு கிடக்கும் நாய்க்கே நகம் மிகுந்து வளர்ந்து, விரல் கோணி, நடை கெடுகின்றது. ஆயினும், எவ்வளவு ஓடும் நாய்க்கும் முன்னங்காலின் உட்புறத்தில் சற்று மேலே நிற்கும் ஐந்தாவது விரலின் நகம் தரையில் படுவதில்லை. அது வளைந்து சதைக்குள் இறங்கும்; அல்லது புதரில் மாட்டிக் கிழியும். மழைக்காலத்தில் அப்புண்ணில் ஈ மொய்த்துப் புழு வைத்துவிடுவதுமுண்டு. ஆகையால் மாதம் ஒருமுறையேனும் இந்நகத்தைப் பார்த்தல் அவசியம்.

நகத்தினுள்ளே இரத்தக் குழாயும் நரம்பும் கூடிய உட்சதை ஒன்று உண்டு. அதை வெட்டினால் இரத்தம் பெருகுவதோடு, நாய் அவ்வலியை மறவாது; மறுமுறை காலைத் தொடவே விடாது. வெண்ணகத்தை வெயிலில் பார்த்தால் உட்சதை இளஞ்சிவப்பாகத் தெரியும். கருநகத்தில் தெரியாது. அதில் நுனியை அரிசிப் பருமனாகச் சிறிது சிறிதாகவே சீவ வேண்டும். வெட்டுமுகம் முதலில் சுண்ணாம்புபோல் வெளுத்துக் காணும். அதன் நடுவே ஈரமான கரும்புள்ளி தோன்றியதும் நிறுத்திவிடுக. நெடுநாள் வளர்ந்த நகத்தை ஒரேநாளில் குறைக்கலாகாது. வாரந்தோறும் நுனி களைந்துவர, உட்சதையும் பின்வாங்கும்.

பாக்குவெட்டியும் கவாத்துக் கத்தரியும் இதற்கு உதவா. அவை நகத்தை நசுக்கிப் பிளக்கும். நாய்க்கென விற்கும் கூரிய நகவெட்டியே தக்கது. அரத்தால் தேய்ப்பது இன்னும் பத்திரம், நேரந்தான் பிடிக்கும். முன்னதாகச் சில நாட்கள் தீனி வைக்கும்போதெல்லாம் பாதத்தைப் பிடித்துப் பழக்க வேண்டும். களையும்போது நாய்க்குப் பழகிய ஒருவர் தலையை அணைத்துக்கொள்வது நலம். இளைக்கும் நாயின் வாயைத் துணியால் கட்டலாகாது. வாய் திறந்து மூச்சு விட்டே அது உடற்சூட்டைத் தணிக்கின்றது. முரண்டினால் ஒரு நகத்தோடு நிறுத்தி, மறுநாள் பார்த்துக்கொள்ளலாம்.

இரத்தம் வந்தால் படிகாரத்தூளையோ சோளமாவையோ நகநுனியில் வைத்து ஐந்து நிமிஷம் அழுத்துக. சாணமும் மண்ணும் அப்புவது பெருந்தீங்கு.

நாய் பல்லைப் பதித்துவிட்டால், அது தடுப்பூசி போட்ட நாயாயினும், காயத்தைச் சோப்பிட்டு ஓடும் நீரில் 15 நிமிஷம் கழுவி, அன்றே ஆஸ்பத்திரிக்குச் செல்ல வேண்டும். வெறிநோய் கண்டபின் அதற்கு மருந்தில்லை.

சதைக்குள் இறங்கிய நகத்தையும், அடிவரை பிளந்த நகத்தையும் வீட்டில் தொடலாகாது. அத்தகைய நாயைக் கால்நடை மருந்தகத்துக்குக் கொண்டுபோக வேண்டும்.