ரூ.10,848 எங்கே போயிற்று?

"என்னங்க, பாப்பா கணக்கில் இருந்து பணம் எடுத்தீர்களா?"

மனைவி இப்படிக் கேட்டதும் கணவர் திடுக்கிட்டார். சோற்றைப் பிசைந்த கை அப்படியே நின்றது.

"நானா? ஒரு காசு கூடத் தொடவில்லையே!"

"அப்படியானால் பத்தாயிரத்துச் சொச்சம் எங்கே?"

அவள் ஒரு கையில் தபால் ஆபீஸ் பாஸ் புத்தகம். மறு கையில் மூத்த மகன் கணக்குப் போட்டுக் கொடுத்த காகிதம். காகிதத்தில் இருந்த தொகை ரூ.1,67,499. பாஸ் புத்தகத்தில் இருந்ததோ ரூ.1,56,651. வித்தியாசம் ரூ.10,848!

இந்தக் குடும்பம் கற்பனைதான். ஆனால் இதில் வரும் வட்டி விகிதம் ஒவ்வொன்றும் உண்மை. இதே சந்தேகம் உங்கள் வீட்டிலும் வரலாம். ஆகவே கணக்கைப் பார்த்துவிடுவோம்.

செல்வமகள் கணக்கு

செல்வமகள் சேமிப்புத் திட்டம் 2015-ம் ஆண்டு ஜனவரி 22-ந் தேதி அரியானா மாநிலம் பானிப்பட்டில் தொடங்கப்பட்டது. பத்து வயது நிரம்பாத பெண் குழந்தையின் பெயரில் தபால் ஆபீசிலோ பாங்கியிலோ கணக்கு ஆரம்பிக்கலாம். 15 ஆண்டுகள் பணம் கட்ட வேண்டும். கணக்கு ஆரம்பித்து 21 ஆண்டுகள் ஆனதும் முழுப்பணம் கைக்கு வரும். இடையில் பெண்ணின் மேல்படிப்புக்காக, பத்தாம் வகுப்பு தேறிய பிறகோ 18 வயது ஆன பிறகோ, பாதிப்பணம் வரை எடுக்கலாம். தகப்பனார் நினைத்தபோது எடுத்துச் செலவு செய்ய வழி கிடையாது. அவர் மீது சந்தேகப்பட்டது வீண்!

நம் குடும்பம் 2015 ஏப்ரல் தொடக்கத்தில் கணக்கு ஆரம்பித்தது. ஆண்டுதோறும் ஏப்ரல் 5-ந் தேதிக்குள் ரூ.10 ஆயிரம் கட்டியது. 2025 மார்ச் வரை பத்து ஆண்டுகள். கட்டிய பணம் ஒரு லட்சம்.

பையன் செய்த தவறு

கணக்கு ஆரம்பித்தபோது வட்டி நூற்றுக்கு ரூ.9.20. பையன் பள்ளிக்கூடத்தில் படித்த கூட்டு வட்டி சூத்திரத்தை எடுத்தான். பத்து ஆண்டுகளுக்கும் 9.2 போட்டுப் பெருக்கினான். பெருக்கலில் தவறு இல்லை. ஆனால் அந்த 9.2 முதல் ஆண்டோடு போய்விட்டது!

2016 ஏப்ரலில் இருந்து, மூன்று மாதத்துக்கு ஒருமுறை மத்திய அரசு வட்டியை அறிவித்து வருகிறது. அந்த ஏப்ரலில் வட்டி 8.6 ஆயிற்று. அக்டோபரில் 8.5. 2017 ஏப்ரலில் 8.4, ஜூலையில் 8.3. 2018 ஜனவரியில் 8.1. அந்த ஆண்டு அக்டோபரில் மறுபடி 8.5-க்கு ஏறியது. 2019 ஜூலையில் 8.4. 2020 ஏப்ரலில் ஒரே அடியாக 7.6-க்கு இறங்கியது. மூன்று ஆண்டுகள் அங்கேயே நின்றது. 2023 ஏப்ரலில் 8. 2024 ஜனவரியில் 8.2.

"நாம் சேரும்போது 9.2 என்றார்களே! நம் பணத்துக்கு அதுதானே தர வேண்டும்?" என்று தாய் கேட்டாள். நியாயமான கேள்விதான். தேசிய சேமிப்புப் பத்திரம் வாங்கினால் அப்படித்தான். வாங்கிய நாளில் என்ன வட்டியோ, அதுவே ஐந்து ஆண்டுகளுக்கும். செல்வமகள் கணக்கில் அப்படி இல்லை. வட்டி மாறினால், பழைய பணம், புதுப் பணம் என்ற பேதம் கிடையாது. கணக்கில் உள்ள மொத்தத்துக்கும் புது வட்டிதான். குறைந்தாலும் அப்படியே, கூடினாலும் அப்படியே.

ஆண்டு ஆண்டாகப் போடுங்கள்

வட்டி மாறும் கணக்குக்கு ஒரே சூத்திரம் உதவாது. ஒவ்வொரு ஆண்டையும் தனித்தனியாகப் போட வேண்டும். இருப்பை அந்த ஆண்டின் வட்டியால் பெருக்கி 100-ஆல் வகுக்க வேண்டும். வந்த வட்டியை இருப்போடு சேர்க்க வேண்டும். அடுத்த ஆண்டு கட்டும் பணத்தையும் சேர்த்து, மறுபடி பெருக்க வேண்டும். அவ்வளவுதான்.

முதல் ஆண்டு: ரூ.10,000-க்கு வட்டி ரூ.920. இருப்பு ரூ.10,920. மறு ஆண்டு பத்தாயிரம் கட்டியதும் ரூ.20,920. அந்த ஆண்டில் பாதி 8.6, பாதி 8.5. நடுவில் உள்ளது 8.55. வட்டி ரூ.1,789. (காசுகளை ரூபாயாக்கி இருக்கிறோம்.) இருப்பு ரூ.22,709.

நடுவில் வட்டி மாறும் ஆண்டில்தான் பலர் தடுமாறுகிறார்கள். 2018-19-ஐப் பாருங்கள். அந்த ஆண்டுப் பணத்தையும் கட்டிய பிறகு இருப்பு ரூ.45,416. முதல் ஆறு மாதம் 8.1. அதற்கு வட்டி ரூ.1,839. அடுத்த ஆறு மாதம் 8.5. அதற்கு ரூ.1,930. காசுகளையும் கூட்டினால் மொத்தம் ரூ.3,770. செப்டம்பரில் கிடைத்த ரூ.1,839-க்கு அக்டோபரில் வட்டி உண்டா? கிடையாது! வட்டியை மாதா மாதம் கணக்கிட்டாலும், இருப்பில் சேர்ப்பது ஆண்டு முடிவில்தான். அதன் பிறகே வட்டிக்கு வட்டி.

இப்படியே போட்டுக்கொண்டு போனால், 2020 மார்ச்சில் இருப்பு ரூ.64,172. 2023 மார்ச்சில் ரூ.1,14,738. 2024 மார்ச்சில் ரூ.1,34,779. கடைசி ஆண்டு வட்டி மட்டும் ரூ.11,872. ஆக ரூ.1,56,651. பாஸ் புத்தகத்தில் இருந்த அதே தொகை!

சராசரி போட்டால்?

பையன் விடவில்லை. பத்து ஆண்டு வட்டியையும் கூட்டிப் பத்தால் வகுத்தான். சராசரி 8.18 வந்தது. அதை வைத்துச் சூத்திரத்தில் போட்டால் ரூ.1,58,000-க்கு மேல் வந்தது. இப்போதும் சுமார் ரூ.1,400 இடித்தது.

இதற்குக் காரணம் சுவையானது. 9.2 என்ற உயர்ந்த வட்டி வந்தபோது கணக்கில் இருந்தது வெறும் பத்தாயிரம். 7.6 என்ற குறைந்த வட்டி வந்தபோதோ கிட்டத்தட்ட முக்கால் லட்சம் சேர்ந்துவிட்டது. பெரிய பணத்துக்குச் சிறிய வட்டி!

சின்னக் கணக்காகப் பார்ப்போம். இரண்டு ஆண்டுகள் பத்தாயிரம் வீதம் கட்டுகிறீர்கள். முதலில் 9.2, பிறகு 7.6 என்றால் ரூ.22,510 கிடைக்கும். முதலில் 7.6, பிறகு 9.2 என்றால் ரூ.22,670. முன்னும் பின்னும் மாறியதில் ரூ.160 கூடுகிறது. பத்தாயிரத்தை ஒரே தடவை போட்டுவிட்டு, மேற்கொண்டு கட்டாமல் இருந்தால் எது முன்னால் வந்தாலும் ஒன்றுதான். மாதா மாதமோ ஆண்டுதோறுமோ கட்டுகிறவர்களுக்குத்தான், கடைசி ஆண்டுகளின் வட்டி முக்கியம்.

ஆறாம் தேதி கட்டினால்...

வட்டியை நிர்ணயிப்பது அரசு. தேதியை நிர்ணயிப்பது நாம். ஒரு மாதத்தில் 5-ந் தேதி முடிவில் இருந்து மாதக் கடைசி வரை உள்ள மிகக் குறைந்த இருப்புக்குத்தான் அந்த மாத வட்டி. 8.2 வட்டியில், ஏப்ரல் 5-ந் தேதி பத்தாயிரம் கட்டினால் அந்த ஆண்டு வட்டி ரூ.820. ஒரு நாள் தள்ளி 6-ந் தேதி கட்டினால் ரூ.68 போயிற்று! வருமான வரிக்குக் காட்டுவதற்காக மார்ச் கடைசியில் ஓடிப் போய்க் கட்டுகிறவர்கள் உண்டு. அவர்களுக்கு அந்த ரூ.820-ல் ஒரு பைசா கூடக் கிடையாது.

பாக்கி ஆண்டுகள்

நம் குடும்பம் 2029 ஏப்ரல் வரை இன்னும் ஐந்து தடவை கட்ட வேண்டும். பணம் கைக்கு வருவது 2036-ல். 2025-ல் இருந்து கடைசி வரை வட்டி 8.2-ஆகவே இருந்தால் சுமார் ரூ.4 லட்சத்து 75 ஆயிரம் வரும். 7.2 ஆகிவிட்டால் ரூ.4 லட்சத்து 30 ஆயிரம்தான். நூற்றுக்கு ஒரு ரூபாய் குறைந்ததில் ரூ.45 ஆயிரம் போகிறது. இரண்டில் எது நடக்கும் என்று யாராலும் சொல்ல முடியாது. பெண்ணின் படிப்புக்கும் கல்யாணத்துக்கும் திட்டம் போடுகிறவர்கள் சின்னத் தொகையை வைத்துப் போடுவதே உத்தமம்.

தாய் பையனின் காகிதத்தைத் திருப்பினாள். பின்பக்கத்தில் பென்சிலால் ஆண்டு, வட்டி, இருப்பு என்று மூன்று கட்டம் போட்டாள். 2025-26 என்று எழுதி, வட்டிக் கட்டத்தைக் காலியாக விட்டாள். பிறகு கணவர் பக்கம் திரும்பினாள்.

"சாப்பாடு ஆறிப் போச்சு. ரசம் சுட வைக்கட்டுமா?"