டெய்சி இராசம்மா என்னும் ருக்மணி தேவி



இரண்டாம் உலகப் போர் முடிந்த மறு ஆண்டு, 1946இல், குண்டுவீச்சில் சிதைந்து கிடந்த பெர்லின் தெருக்களிலேயே ஒரு படம் எடுத்தார்கள். 'கொலைகாரர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்' என்பது அதன் பெயரின் பொருள். வதைமுகாமிலிருந்து வீடு திரும்பும் பெண்ணாக அதில் நடித்த ஹில்டகார்ட் க்னெஃப், போருக்குப் பிந்திய ஜெர்மன் திரையின் முதல் முகமானார். 1960களில் அவர் பாடகியாகவும் புகழ்பெற்றார். திரை கைவிட்டாலும் குரல் கைவிடுவதில்லை என்பதற்கு அவர் வாழ்க்கை ஓர் உதாரணம்.

அதே காலத்தில் நம் நாட்டிலும் ஒரு திரை முதன்முறையாகப் பேசத் தொடங்கியது. 1947 ஜனவரி 21ஆம் திகதி கொழும்பில் வெளியான 'கடவுனு பொறொந்துவ', அதாவது 'மீறப்பட்ட வாக்குறுதி', முதலாவது சிங்களப் பேசும் படம். அதன் கதாநாயகி ருக்மணி தேவி. அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் டெய்சி இராசம்மா டானியல்.

1923இல் றம்பொடையில், தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். குடும்பம் கொழும்புக்கு வந்தபின் வெள்ளவத்தையில் வளர்ந்தார், அங்குள்ள சென்ற். கிளெயர்ஸ் பாடசாலையில் படித்தார். பாடசாலையின் நத்தார் நாடகத்தில் பாடி நடித்த சிறுமியைச் சிங்கள நாடக மேடை அழைத்துக்கொண்டது. இராமாயண நாடகத்தில் சீதையானார். 1939இல் எச். டபிள்யூ. ரூபசிங்கவுடன் அவர் பாடி இசைத்தட்டில் பதிந்த பாடல் புத்தகயா விகாரையைப் போற்றுவது. தமிழ்க் கிறிஸ்தவப் பெண் சிங்களத்தில் பாடிய அந்தப் பௌத்தப் பாடல் வீடுதோறும் ஒலித்தது.

முதற் படத்தின் கதையும் இப்படித்தான். நீர்கொழும்பு ஜயமான்ன சகோதரர்களின் மினர்வா நாடகக் குழு மேடையேற்றிய நாடகத்தைப் படமாக்கியவர் தமிழரான எஸ். எம். நாயகம். படப்பிடிப்பு நடந்தது தென்னிந்தியக் கலையகத்தில். இயக்கியவர் வங்காளியான ஜோதிஷ் சிங். சிங்களத் திரையின் தொட்டிலைப் பல மொழிக் கைகள் ஆட்டியிருக்கின்றன.

பின்னர் எடி ஜயமான்னவின் மனைவியாக, அவரது சகோதரர் பி. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் படங்களில் தொடர்ந்து கதாநாயகியாகத் தோன்றினார் ருக்மணி. சேலத்திலிருந்து வந்த மொஹிதீன் பேக்குடன் அவர் பாடிய பாடல்களும் மக்கள் மனதில் நிலைத்தன.

1956 வந்தது. அந்த ஆண்டு ஜூன் மாதத்திற் 'சிங்களம் மட்டும்' சட்டம் நிறைவேறியது. ஆண்டு முடிவில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' வெளியானது. கலையகச் சுவர்களை விட்டுக் கிராமத்துக்குப் போன அந்தப் படம், நாடகப் பாணி நடிப்பைப் பழையதாக்கிவிட்டது. ருக்மணியின் திரை வாழ்வு மெல்லத் தளர்ந்தது. அதைத் தளர்த்தியது சட்டமல்ல, மாறிய கலைரசனை. அந்த மாற்றம் சிங்களச் சினிமாவுக்கு அவசியமானதுதான். ஆயினும் அதன் விலையைக் கொடுத்தவர்களில் முதல் நாயகியும் ஒருவர் என்பதை மறக்கலாகாது.

வாழ்க்கைக்காக அவர் களியாட்ட விழாக்களிலும் இசை மேடைகளிலும் ஊரூராகப் பாடினார். 1978 ஒக்டோபர் 28ஆம் திகதி, மாத்தறை இசை நிகழ்ச்சியொன்றிலிருந்து நீர்கொழும்புக்குத் திரும்பும் வழியில், ஜா-எலவை அடுத்த துடெல்லவில் நடந்த கார் விபத்தில் உயிரிழந்தார். வயது 55. இறுதி வழியனுப்புக்குத் திரண்ட பெருங்கூட்டம், அவரது தாய்மொழி எது என்று கேட்கவில்லை.

ஐந்தே ஆண்டுகளில், 1983 ஜூலையில், வீதிகளில் மனிதரை நிறுத்தி அந்தக் கேள்வியைக் கேட்டார்கள். தமிழரான கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா கலையகம் தீக்கிரையானது. சிங்களப் படங்களின் மூலப் பிரதிகளும் அந்தத் தீயில் அழிந்தன. வெறுப்பு தன் சொந்த நினைவையும் சேர்த்தே எரித்துவிடுகிறது.

சிங்கள மக்கள் ருக்மணியைத் தம்மவராகவே கொண்டாடுகிறார்கள், அது நியாயம். தமிழராகிய நாமோ அவரை நமது கலை வரலாற்றின் ஓரத்திற்கூட எழுதி வைக்கவில்லை. அவரைத் திருப்பிக் கேட்பதற்காக இதைச் சொல்லவில்லை. பழைய சிங்களப் பாட்டொன்று வெள்ளவத்தைக் கடையொன்றில் ஒலிக்கும்போது, அந்தக் குரலுக்கு இராசம்மா என்றும் ஒரு பெயர் இருந்தது என்பதை நினைத்துக்கொள்வோம். அது போதும்.